இஸ்திரி போடும்போது வந்த பாட்டு

மார்ச் 3

அன்புள்ள அம்மாவுக்கு,

ஒருவழியாகப் படம் முடிந்தது. பிரதி அனுப்பியிருக்கிறேன். இந்த நாட்டுக்காரர் என்றால் யார் என்பதுதான் படம். ஆனால் யாரிடமும் அதைக் கேட்கவில்லை. நாட்டைப் பற்றிக் கேட்டதும் எல்லா முகமும் மேடை ஏறிவிடுகிறது. அதனால் வேலை செய்யும் முதுகுகளை மட்டும் எடுத்தேன். பேருந்து ஓட்டுநர், பல் மருத்துவர், அப்புறம் நீ.

அண்ணன் சட்டையை இஸ்திரி போட்டுக்கொண்டே, நீ பிறந்த நாட்டின் தேசிய கீதத்தை முணுமுணுத்தாயே, அதுதான் படத்தின் உயிர். அந்த இரண்டு நிமிடத்தை வெட்டினால் சுதந்திர தினத்தன்று ஒளிபரப்புவோம் என்கிறது தொலைக்காட்சி. முடியாது என்றேன்.

உன் மகள்

மார்ச் 9

என் உம்மணாமூஞ்சிக்கு,

நேரத்துக்குச் சாப்பிடுகிறாயா? படம் பார்த்தோம். "பாடறதுக்கு வேற பாட்டே கெடைக்கலையாம்மா?" என்று உன் அண்ணன் தலையில் அடித்துக்கொண்டான். அவன் அரசாங்க உத்தியோகம், அவன் பயம் அவனுக்கு.

எல்லைக்கு அந்தப் பக்கமிருந்து மருமகளாக வந்தவள் நான். குடியுரிமை வாங்கி, வரி கட்டி, ஓட்டும் போட்டாயிற்று. இன்னமும் இரண்டு நாட்டுக்கும் ஆட்டம் நடந்தால் மாடிவீட்டு அம்மா, "நீங்க எந்தப் பக்கம்?" என்கிறாள். சிரித்து மழுப்புகிறேன். இப்போது நீயே அவள் கையில் பதிலைக் கொடுக்கிறாய். வெட்டிவிடு, கண்ணு.

அம்மா

மார்ச் 15

அம்மா,

வெட்ட மாட்டேன். காலரை மடிக்கும்போது தானாக வந்த பாட்டு அது. நீ யாருக்கும் எதிராகப் பாடவில்லை. அதை ஒளித்தால், உன்னில் பாதி கடத்தி வந்த சரக்கு என்று நானே ஒப்புக்கொண்டதாகிவிடும். இந்த நாட்டின் கீதத்தை எனக்கு ஒரு வார்த்தை பிசகாமல் சொல்லிக்கொடுத்தவளும் நீதானே?

தொலைக்காட்சிக்கு வேண்டாமென்று எழுதிவிட்டேன். நூலகக் கூடத்தில் நானே திரையிடுவேன். என்னைத் திட்டு, இல்லை என்னோடு பேசாமல் இரு. வெட்டச் சொல்லாதே.

உன் மகள்

மார்ச் 22

உம்மணாமூஞ்சி,

பேசாமல் இருப்பதெல்லாம் உன் வேலை, எனக்கு வராது. திட்டத்தான் போகிறேன்.

உன் கடிதத்தை அண்ணன் படித்தான். "ரெண்டு பேருக்கும் கொழுப்பு" என்றான். இருக்கட்டுமே.

ஓட்டுநரையும் மருத்துவரையும் முதுகுப்பக்கம் எடு, சரி. அவர்களை யாரும் எந்தப் பக்கம் என்று கேட்பதில்லை. நான் முதுகைக் காட்டிக்கொண்டு முணுமுணுத்தால் ஒளிந்துகொண்டு பாடுகிற மாதிரி இருக்கிறது. நான் என்ன திருடியா? இத்தனை படித்த பெண்ணுக்கு இது தோன்றவில்லையே. பாதி வரிகளை முழுங்கி வேறு வைத்திருக்கிறேன்.

அந்த இரண்டு நிமிடத்தைத் தூக்கிப் போடு. ஞாயிற்றுக்கிழமை கேமராவோடு வா. முகத்துக்கு நேராக வை. இரண்டு கீதத்தையும் முழுசாகப் பாடுகிறேன்.

எதை முதலில் பாடுவது என்று மட்டும் நீ சொல்லக் கூடாது.

அம்மா