சலோவிக்கு ஒரு மெட்டு

ஜனவரி 9, 2024
இன்று சலோவித் தீவுக்கான டி-ஷர்ட் பேக்கிங் முடிந்தது. நெஞ்சுப் பக்கம் அவர்களுடைய புதுக்கொடி. ஆகஸ்டில் சுதந்திர நாடாகப் போகிறார்களாம். தரம் பார்க்க வந்த அந்த ஊர்ப் பெண் மெரேனா பேச்சுவாக்கில் சொன்னார்: தேசிய கீதத்துக்கு வரிகள் தேர்வாகிவிட்டன, மெட்டு இன்னும் இல்லை, எந்த நாட்டவரும் அனுப்பலாம். நான் தெற்கே நாசரேத்திலிருந்து திருப்பூர் வந்து பதினெட்டு வருடமாக பேக்கிங் சூப்பர்வைசர். ஞாயிறு சர்ச்சில் கீபோர்டு. இதைக் கேட்டு எனக்கு ஏன் படபடக்க வேண்டும்?

ஜனவரி 14
கீதத்தின் எட்டு வரிகளையும் பாடாமல், சாதாரணமாகப் பேசி அனுப்பும்படி மெரேனாவிடம் கேட்டிருந்தேன். வந்தது. ஒரு சொல்கூடப் புரியவில்லை. ஆனால் வரி முடியும் இடத்தில் குரல் மேலே ஏறுகிறது. நாமெல்லாம் இறக்குவோம். மெட்டு அங்கேதான் இருக்கிறது.

பிப்ரவரி 2
நான்கு மெட்டுகள். நான்கையும் அழித்தாயிற்று. எல்லாம் சர்ச் பாட்டில் போய் நிற்கிறது.

பிப்ரவரி 11
மெட்டு வந்துவிட்டது. ஈரோடு பாசஞ்சர் ரயிலில், ஊத்துக்குளி தாண்டும்போது. போனில் முணுமுணுத்துப் பதிந்தேன். பக்கத்தில் இருந்தவர் தள்ளி உட்கார்ந்தார்.

மே 6
முந்நூற்றுப் பதினேழு மெட்டுகளில் என்னுடையது முதலிடம். என் மனைவி விஜயகுமாரி அழுதுவிட்டாள். நான் அவளுக்கும் முன்பே.

மே 20
தேர்வுக் குழுவிடமிருந்து மெயில். வெளிநாட்டுக்காரன் பெயர் வேண்டாம் என்று சிலர் சொல்கிறார்களாம். 'நாட்டுப்புற மெட்டு' என்று அச்சடிக்கச் சம்மதமா? என்னய்யா இது, யாரு பெத்த பிள்ளைய யாரு பேருல எழுதுதது? — ஒத்துக்கொண்டால் பாட்டாவது ஒலிக்கும். மறுத்தால் எல்லாமே போகும். விஜயகுமாரியிடம் காட்டினேன்.
"பேரு இல்லாம குடுக்கதா இருந்தா குடுக்காதிய. அவங்க நாடு பொய்யிலயா ஆரம்பிக்கணும்?"

மே 21
அவள் சொன்னதையே எழுதினேன். அனுப்பியும் விட்டேன்.

ஜூன் 3
பதில் இல்லை.

ஜூன் 18
மெரேனா கூப்பிட்டார். என் கடிதத்தைக் குழுவில் உரக்க வாசித்தார்களாம். பிறகு ஓட்டெடுப்பு. ஒன்பதுக்கு இரண்டு. 'இசை: ராபின், திருப்பூர், இந்தியா.' ஊர்ப் பெயரும் சேர்த்து!

ஆகஸ்ட் 17
நேற்று சலோவியில் கொடியேற்றம். முதலாளி தரணீதரன் கம்பெனி கேன்டீனில் பெரிய டிவி வைத்து எல்லோரையும் வரச்சொன்னார். எனக்குக் கூச்சம். தையல் லைன் நின்றுவிடுமே என்றேன்.
"நிக்கட்டுங்க ராபின். உங்க பாட்டுக்கு ஒரு நாடே எந்திரிச்சு நிக்குதுங்க. நாம உக்காந்திருக்கறதா?"
எழுநூறு பேர் எழுந்து நின்றார்கள். கட்டிங் மாஸ்டர் சுப்பையன், ஒடிசாப் பெண்கள், எங்கள் தெற்கத்திக்காரர்கள். யாருக்கும் அந்த மொழி தெரியாது. டிவியில் பேண்ட் வாத்தியம் தொடங்கியது. கடற்கரையில் அத்தனை கூட்டமும் வாய் திறந்தது. அதற்குமேல் எனக்குத் திரை தெரியவில்லை.

நவம்பர் 24
மெரேனா ஒரு வீடியோ அனுப்பினார். அங்கே கால்பந்துப் போட்டி. பேண்ட் இல்லை, கூட்டமே பாடுகிறது. ஆறாவது வரியில் நான் எழுதாத ஓர் இழுப்பு. தீவு முழுக்க இப்போது அப்படித்தான் பாடுகிறார்களாம். முதலில் சுருக்கென்றது. மூன்று முறை கேட்டேன். கீபோர்டில் வாசித்துப் பார்த்தேன். என்னுடையதைவிட நன்றாக இருக்கிறது.
என் பிரதியில் ஆறாவது வரியை அடித்துவிட்டு, அவர்கள் பாடுவதுபோல எழுதிவைத்தேன்.