படத்தில் இல்லாத கைத்தடிச் சத்தம்

என் ஆசைப் பேய்ப்பைத்தியக்காரருக்கு,

முதலில் நலமா என்றுதான் எழுதினேன். உடனே சிரிப்பு வந்து அதை அடித்துவிட்டேன். செத்துப் போனவரைப் பார்த்து நலமா என்று கேட்கிறவள் நான் ஒருத்தியாகத்தான் இருப்பேன். நீங்கள் இருந்திருந்தால் இதை வைத்தே அரை மணி நேரம் பேசியிருப்பீர்கள். பேய்ப்படங்களில் பேயை யாருமே ஏன் நலம் விசாரிப்பதில்லை, ஒருத்தர் விசாரித்திருந்தாலும் அது பேசாமல் போயிருக்குமே என்பீர்கள்.

உங்கள் புத்தகம் அச்சுக்குப் போகிறது. அதைச் சொல்லத்தான் உட்கார்ந்தேன். ஆனால் சும்மா போகவில்லை. அதற்கு முன் என்னைப் போட்டுப் படாதபாடு படுத்திவிட்டது.

உங்களைத் தெரியாதவர்களும் இந்தக் கடிதத்தைப் படிக்கப் போகிறார்கள். அவர்களுக்கும் புரிகிற மாதிரி கொஞ்சம் சொல்லிக்கொண்டே போகிறேன். தெரிந்த கதையைத் திரும்பச் சொல்கிறாளே என்று சலித்துக்கொள்ளாதீர்கள். பேய்ப்படம் எதைப் பார்த்தாலும் கதையை எனக்கு முதலிலிருந்து சொன்னவர்தானே நீங்கள்?

ஆரணியில் எங்கள் வீட்டில் உள்ளறையில் என் பட்டுத்தறி. முன்னறையில் இவர். இவருக்கு ஊரார் தறிகளுக்குப் பாவு பிணைக்கும் வேலை. பாவு என்றால் தறியில் நீளவாக்கில் ஓடும் இழைகள். தறியில் ஒரு பாவு முடிந்ததும், அதன் இழை ஒவ்வொன்றையும் புதுப் பாவின் இழையோடு முறுக்கிச் சேர்க்க வேண்டும். விரல் நுனியில் சாம்பலைத் தொட்டுத் தொட்டு ஆயிரக்கணக்கான இழைகளைச் சேர்ப்பார். தலை நிமிரக் கூடாது, கண் நகரக் கூடாது. அந்த வேலைக்குச் சத்தமும் கிடையாது. அதனால் பக்கத்தில் போனைக் கவிழ்த்து வைத்து, அதில் பேய்ப்படம் ஓடவிடுவார். ஆமாம், கவிழ்த்துத்தான். இவர் பேய்ப்படம் பார்த்தவர் இல்லை, கேட்டவர்.

"ஒரு நாளாவது நிமிந்து பாத்தாதான் இன்னாங்க?" என்று கேட்டதற்கு நீங்கள் சொன்னது நினைவிருக்கிறதா? "நாள் பூரா இழைய பாத்துகினு கண்ணு எரியுது கஸ்தூரி. அதுவுமில்லாம, பயந்தா கண்ண மூடிக்கலாம். காத மூடிக்க முடியுமா? பேய்க்கு அது தெரியும்."

அந்த வாக்கியம் புத்தகத்தின் முதல் பக்கத்தில் அப்படியே இருக்கிறது.

புத்தக அலமாரியைப் பற்றியும் சொல்லிவிடுகிறேன். சேலை கொடுக்கச் சென்னைக்குப் போகும்போதெல்லாம் பழைய புத்தகக் கடைகளில் தேடித் தேடி வாங்கி வருவீர்கள். எல்லாமே பேய்ப்படங்களின் வரலாறு, பேய்ப்படங்களைப் பற்றிய விமர்சனம். ஊமைப்படக் காலத்தில் சுவரில் ஊர்ந்த நிழலில் ஆரம்பித்து, ஜப்பான் பேயின் ஈரக்கூந்தல் வரைக்கும் ஆராய்ச்சி. இங்கிலீஷ் புத்தகங்களை அகராதியை மடியில் வைத்துக்கொண்டு படிப்பீர்கள். அந்த அட்டைகளில் இருந்த முகங்களைப் பார்க்கப் பயந்து, அலமாரி மேல் என் பழைய புடவை ஒன்றைப் போர்த்தி வைத்திருந்தேன். வீட்டுக்கு வந்தவர்கள் உள்ளே சாமி படம் இருக்கிறது என்று நினைத்துக் கும்பிட்டதும் உண்டு.

நம்மூர்ப் பேய்ப்படங்களைப் பற்றித் தமிழில் ஒழுங்கான வரலாறு இல்லை என்று சொல்லிச் சொல்லி, கடைசியில் நீங்களே எழுத உட்கார்ந்தீர்கள். நம் பேய் ஏன் பாடுகிறது, எப்போது சிரிப்புப் பேயாக மாறியது என்றெல்லாம் அத்தியாயங்கள். அதில் ஒன்று எனக்கு மிகவும் பிடிக்கும். கல்யாணத்தன்று செத்தவள்கூட ஏன் வெள்ளைப் புடவையில் வருகிறாள், கட்டியிருந்த பட்டு எங்கே போனது என்று கேட்டிருப்பீர்கள். "நம்ம ஊரு நெசவாளிங்க எல்லாம் சேந்து கேஸ் போடணும்" என்று சொல்லி அன்றைக்கு முழுக்கச் சிரித்தீர்கள்.

ஆனால் புத்தகத்தின் உயிர் கைத்தடி அத்தியாயம்தான். அது எனக்கும் தெரியும். பயத்தினால் படிக்காமல் இருந்தேனே தவிர, ஒரு வரி விடாமல் நீங்கள் சொல்லிக் கேட்டிருக்கிறேன் என்றுதான் நினைத்திருந்தேன். ஒரு பழைய கறுப்பு வெள்ளைப் படம். பங்களாவில் செத்துப்போன பெரியவர் கைத்தடி ஊன்றி மாடியில் நடப்பதாக வேலைக்காரி சொல்கிறாள். பிறகு கதாநாயகி விளக்கோடு தனியாகப் படியேறுகிறாள். மேலே டக், டக் என்று தடி ஊன்றும் சத்தம். சீராக, அவசரமே இல்லாமல். திடீரென்று அது நிற்கிறது. அந்த இடத்தைப் பற்றி மட்டும் பக்கம் பக்கமாக எழுதியிருக்கிறீர்கள். பயமுறுத்த எல்லோரும் சத்தத்தைக் கூட்டுகிறார்கள், இந்தப் படம் ஒன்றுதான் பழகிப்போன சத்தத்தை நம்மிடமிருந்து எடுத்துக்கொள்கிறது, உலகப் பேய்ப்பட வரலாற்றில் இதற்குத் தனி இடம் தர வேண்டும் என்பது உங்கள் வாதம்.

வேலூர் ஆஸ்பத்திரியில் மூச்சு வாங்கிக்கொண்டே என்ன சொன்னீர்கள்? "புக்கு வந்துடணும் கஸ்தூரி. எத எடுத்தாலும் எடுக்கட்டும். தடி அத்தியாயத்துல கை வெக்க வுடாத." சரி என்று உங்கள் கையைப் பிடித்துச் சொன்னேன்.

உங்கள் எழுத்தைப் புத்தகமாகப் போட முன்வந்த நளினி மேடம் போன வாரம் சென்னையிலிருந்து போன் செய்தார். நல்ல மனுஷி. சுற்றி வளைக்காமல் சொன்னார்.

"கஸ்தூரிம்மா, தப்பா எடுத்துக்காதீங்க. நான் அந்தப் படத்த ஹெட்போன் போட்டு ரெண்டு தடவ பாத்துட்டேன். அதுல கைத்தடிச் சத்தமே இல்ல. அவ படியேறும்போது வெறும் காத்துச் சத்தம்தான். அப்புறம் அவ கத்துறா. அவ்ளோதான்."

"வேற பிரிண்டா இருக்கும்ங்க."

"தேடிட்டேன். எல்லாத்துலயும் அப்படித்தான் இருக்கு. இல்லாத ஒரு சத்தத்தப் பத்தி இவ்ளோ பக்கம் போட முடியாதும்மா. அந்த அத்தியாயத்த எடுத்துடலாமா?"

யோசித்துச் சொல்கிறேன் என்று வைத்துவிட்டேன்.

அன்று மத்தியானமே, பட்டப்பகலில், வாசல் கதவைத் திறந்து வைத்துக்கொண்டு, வாழ்க்கையில் முதல்முறையாக அந்தப் படத்தைக் கண்ணால் பார்த்தேன். தறியை நிறுத்திவிட்டு, போனில் சத்தத்தைக் கூட்டி வைத்துக்கொண்டு பார்த்தேன். மேடம் சொன்னது சரிதான். விளக்கு போகிறது, காற்று அடிக்கிறது, தடி இல்லை. அதைவிட மோசம், எனக்குப் பயமே வரவில்லை. கதாநாயகியின் சவுரி கோணலாக இருந்ததுதான் கண்ணில் பட்டது.

உங்கள் மேல் எனக்கு வந்த கோபத்தை எப்படிச் சொல்வது? ஓர் இழை மாறிச் சேர்ந்துவிட்டால்கூட அத்தனையையும் பிரித்துப் போடுகிற மனுஷன், இல்லாததை எழுதுவாரா? படிக்கிறவர்களை மயக்க இட்டுக்கட்டினீர்களா? கடைசியில் புத்தி தடுமாறியதா? கைவைக்க விடாதே என்று என்னிடம் சத்தியம் வாங்கியது ஒரு பொய்க்காகவா? இரண்டு நாள் உங்கள் படத்துக்குப் பூப் போடவில்லை. தெரிந்துகொள்ளுங்கள்.

மூன்றாம் நாள் காலை மேடமே பஸ் பிடித்து வந்துவிட்டார். போனில் பேசுகிற விஷயம் இல்லை என்று நினைத்தாராம். காமண்டல நாகநதியில் தண்ணீரே இல்லையே என்று கேட்டுக்கொண்டே வந்து உட்கார்ந்தார். டீ கொடுத்தேன். புடவையை விலக்கி அலமாரியைக் காட்டினேன். ஒவ்வொரு புத்தகமாக எடுத்துப் பார்த்து, "இதெல்லாம் இந்த ஊர்ல உக்காந்தா படிச்சாரு?" என்று கேட்டுக்கொண்டே இருந்தார். எனக்குப் பெருமையாகவும் இருந்தது, எரிச்சலாகவும் இருந்தது.

முகூர்த்தச் சேலை ஒன்று தறியில் கடைசி முழத்தில் நின்றது. மறுநாள் கொடுத்தாக வேண்டும். "நீங்க அவரு உக்கார்ற எடத்துலயே உக்காந்து இன்னொருவாட்டி கேளுங்க மேடம். நான் வேலய பாத்துகினு இருக்கேன், ஜல்தியா முடிக்கணும்" என்று சொல்லி, உங்கள் வழக்கப்படியே போனைக் கவிழ்த்து வைத்துவிட்டு உள்ளே போனேன். வேறு ஒரு நினைப்பும் எனக்கு இல்லை.

படம் ஓடியது. நான் நெய்தேன். வேலைக்காரி பேசினாள். கதாநாயகி படியேற ஆரம்பித்தாள், அவளுடைய மூச்சு கேட்டது. எப்போதும் நான் பயப்படுகிற இடம் அது. கண்ணால் பார்த்தபோது வராத பயம், காதால் கேட்டதும் வந்துவிட்டது. அவள் கத்தினாள்.

அடுத்த நொடி மேடம் கதவருகில் நின்றார். முகம் வெளுத்திருந்தது.

"கேட்டுச்சும்மா! தடிச் சத்தம் கேட்டுச்சு! டக் டக்னு வந்து, அவ கத்துறதுக்கு முன்னாடி நின்னுடுச்சு. பாருங்க, கையெல்லாம் புல்லரிச்சுப் போச்சு."

நான் அவரைப் பார்த்தேன். அவர் என் கைகளைப் பார்த்தார். இரண்டும், இழையை அடித்து நெருக்கும் தறிப் பலகை மேல் அப்படியே நின்றிருந்தன. எப்போது நிறுத்தினேன் என்று எனக்கே தெரியாது.

நான் பலகையை இழுத்து அடித்தேன். டக். இன்னொரு முறை அடித்தேன். மேடம் அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டார்.

தறிதான். என் தறி. நீங்கள் எத்தனை முறை அந்தப் படத்தைப் போட்டாலும் நான் உள்ளறையில் நெய்துகொண்டிருந்திருக்கிறேன். எத்தனை முறை போட்டாலும் அதே இடத்தில் பயந்து என் கை நின்றிருக்கிறது. கத்தல் முடிந்ததும் மறுபடி ஓடியிருக்கிறது. நீங்கள் தலை குனிந்து இழையைப் பிணைத்துக்கொண்டு, அதைப் படத்தின் சத்தமாகவே கேட்டிருக்கிறீர்கள்.

"இத்தன வருஷம் தறி வீட்ல இருந்தவருக்கு தறிச் சத்தம் தெரியாதா?" என்று மேடம் கேட்டார்.

"தறி வூட்ல யாருக்குங்க தறிச் சத்தம் கேக்கும்? நம்ம மூச்சு நமக்கு கேக்குதா?" என்றேன்.

பிறந்ததிலிருந்து அந்தச் சத்தத்திலேயே இருக்கிறோம். அது காதில் விழுவதே இல்லை. வேலைக்காரி தடி என்று சொன்னதும், கேட்காமல் கேட்டுக்கொண்டிருந்த ஒன்று உங்களுக்குத் தடியாகக் கேட்டுவிட்டது. உங்கள் அத்தியாயத்தைப் படித்துவிட்டு வந்த மேடத்துக்கே அப்படிக் கேட்டதென்றால், உங்களைச் சொல்லி என்ன?

மேடம் பையிலிருந்து அந்த அத்தியாயத்தை எடுத்து, நீங்கள் எனக்குச் சொல்லாமல் விட்ட கடைசிப் பத்தியைப் படித்துக் காட்டினார். "இந்தச் சத்தத்தை உண்டாக்கியவரின் பெயர் எழுத்துப் போடும்போது வரவில்லை. யாராக இருந்தாலும் அவர் உண்மையாகப் பயப்படத் தெரிந்தவர். பயம் அறியாத கை இப்படி நிற்காது. இத்தனை படங்களில் நான் கேட்டதிலேயே பெரிய கலைஞர் அவர்தான். அந்தக் கைகளுக்கு என் வணக்கம்."

என்னங்க, இதை நான் எங்கே கொண்டுபோய் வைப்பது?

நான் பயந்தாங்கொள்ளி. மின்சாரம் போனால் உங்கள் சட்டையைப் பிடித்துக்கொள்பவள். அப்படி ஒருத்தி பயந்து கை நின்ற ஒரு கணத்தை, உலகத்துப் புத்தகங்களையெல்லாம் படித்த ஒருத்தர் சுவருக்கு அந்தப் பக்கம் உட்கார்ந்து கேட்டு, மறுபடி மறுபடி கேட்டு, அதற்கு வரலாற்றில் இடம் கேட்டிருக்கிறார். அது நான் என்று அவருக்குத் தெரியவில்லை. அவர் கேட்டது என்னைத்தான் என்று எனக்கும் தெரியவில்லை. இப்படியும் ஒரு குடும்பம் நடத்த முடியுமா? நினைத்தால் நெய்கிற கை நின்றுவிடுகிறது. பயத்தினால் இல்லை. பெரிய கோயில் கோபுரத்துக்குக் கீழே நின்று அண்ணாந்து பார்க்கும்போது பேச்சு வராதே, அந்த மாதிரி.

இன்னொன்றும் அன்றுதான் புரிந்தது. பழகிய சத்தம் நின்றால்தான் பயம் என்று எழுதினீர்கள். உங்கள் வேலைக்கோ சத்தமே இல்லை. நீங்கள் போனபோது, போனில் பேய்கள் ஓய்ந்ததைத் தவிர வீட்டில் எந்தச் சத்தமும் நிற்கவில்லை, தறி எப்போதும் போல ஓடியது. அதுதான் எனக்குத் தாங்க முடியாமல் இருந்தது என்று இப்போது தெரிகிறது. இதற்கு உங்கள் புத்தகத்தில் ஓர் அத்தியாயம் இல்லை.

மேடம் கிளம்பும்போது சொன்னார்: "அத்தியாயத்துல ஒரு எழுத்து மாத்தல. ஆனா படத்துல அந்தச் சத்தம் இல்லன்னு படிக்கிறவங்களுக்குச் சொல்லணும். ஏமாத்தக்கூடாது."

"அவரும் அதத்தான் சொல்லுவாருங்க. யாரு எழுதறது?"

"சத்தம் போட்டது யாரோ, அவங்கதான்."

அந்த அத்தியாயத்துக்கு அடுத்தாற்போல் வரப்போவது இந்தக் கடிதம்தான்.

அலமாரியின் புடவையை எடுத்துவிட்டேன். ஒரே ஒரு புத்தகத்தை மட்டும் சுவர்ப்பக்கம் திருப்பி வைத்திருக்கிறேன், அந்த முகம் என்னால் ஆகாது. உங்கள் படத்துக்கு இரண்டு நாள் பாக்கியிருந்த பூவையும் சேர்த்துப் போட்டாயிற்று. இப்போது பாவு பிணைக்க வருகிறவர் சினிமாப் பாட்டு கேட்கிறார். ஒரே பேஜார்.

ஒரு வார்த்தை கொடுக்கிறேன். தறியில் புதுப் பாவு ஏறும் ஒவ்வொரு முறையும் அந்தப் படத்தை முன்னறையில் ஓடவிடுவேன், போனைக் கவிழ்த்து வைத்து. நான் உள்ளே நெய்துகொண்டிருப்பேன். அந்த இடம் வரும்போது வேண்டுமென்று நிறுத்த மாட்டேன். பயம் வந்தால் கை தானாக நிற்கட்டும். எங்கே இருந்தாலும் அந்த நேரத்துக்குக் காதைக் கொடுங்கள்.

இப்படிக்கு,
எழுத்துப் போடும்போது பெயர் வராத உங்கள் மனைவி,
கஸ்தூரி
ஆரணி