என் பெயரில் போன வாக்கு

1934 ஜனவரி 16, செவ்வாய்

எங்கள் பல்கலைக்கழகத் தொகுதிக்கு இடைத்தேர்தல். நாடாளுமன்ற உறுப்பினர் கிறிஸ்துமஸ் வாரத்தில் இறந்துபோனார். பட்டம் பெற்றவர்களுக்கு மட்டும் வாக்கு. சீட்டு தபாலில் வரும்; சாட்சி முன்னால் அதில் கையெழுத்திட்டுத் திருப்பி அனுப்ப வேண்டும். பேராசிரியர் கில்கிறிஸ்ட் நிற்கிறார். என் கணவர் வாலஸ் அவருக்காக ஓடியாடி வேலை செய்கிறார். சாப்பாட்டு மேசை முழுக்கத் துண்டறிக்கைகள். எதிர்த்து நிற்பவள் ஐஸோபெல் மௌவட், என்னோடு படித்தவள், குழந்தைகள் டாக்டர்.

ஓட்ஸ் கஞ்சியைக் கிளறிக்கொண்டே சொன்னேன்: "நான் ஐஸோபெலுக்குத்தான் போடப்போறேன்."

"விளையாடாத எஃபி. வேதியியல் துறைக்கு என்னைத் தலைவராக்கறது அந்த மனுஷன் கையிலதான் இருக்கு."

"நான் விளையாடல."

சிரித்துக்கொண்டே போய்விட்டார்.

கில்கிறிஸ்ட்! நான் தாவரவியலில் முதலாவதாகத் தேறி, ஆய்வகத்தில் இடம் கேட்டு நின்றபோது, "கல்யாணமாகிப் போயிடுவே, இடம் வீணாகும்" என்றவர். அவருக்கா என் வாக்கு?

ஜனவரி 22, திங்கள்

சீட்டு வரவில்லை.

ஜனவரி 25, வியாழன்

எல்லாருக்கும் வந்து மூன்று நாளாயிற்று என்று எதிர்வீட்டு மிஸ் கேர்ட் சொன்னாள். வாலஸிடம் கேட்டேன். செய்தித்தாளிலிருந்து தலையைத் தூக்காமல், "அனுப்பியாச்சு" என்றார்.

"எது?"

"உன்னோடதும் என்னோடதும். நானே நிரப்பிட்டேன். பக்கத்து வீட்டு டஃப் சாட்சிக் கையெழுத்துப் போட்டார். உனக்கு ஒரு வேலை மிச்சம்."

என் கையெழுத்தை அவர் போட்டிருக்கிறார். பழகிப் பார்த்திருப்பாரோ? எத்தனை தாளில்?

"என் பேரை எழுத நீ யாரு?" — கத்திவிட்டேன்.

"மெதுவாப் பேசு. டஃப் வீட்டுக்குக் கேக்கும்."

"கேக்கட்டும்! அந்த ஆளுக்குத்தான் முதல்ல கேக்கணும்!"

எழுத்து கோணுகிறது. கோணட்டும்.

ஜனவரி 26, வெள்ளி

டஃப் வீட்டுக் கதவைத் தட்டினேன். ஓய்வுபெற்ற வங்கி மேலாளர். ஞாயிறுதோறும் தேவாலயத்தில் காணிக்கைத் தட்டு ஏந்துகிறவர்.

"நான் கையெழுத்துப் போட்டதைக் கண்ணால பாத்தீங்களா?"

"அட, புருஷன் பெண்டாட்டிக்குள்ள இதெல்லாம் என்ன, மிஸஸ் லாரிமர்!"

"பாத்தீங்களா, இல்லையா?"

"வாலஸ் சொன்னாப் போதாதா?"

போதாது, போதாது, போதாது. தெருவெல்லாம் சொல்லிக்கொண்டே வந்தேன்.

ஜனவரி 29, திங்கள்

தேர்தல் அலுவலகம் போனேன். பெயின் என்ற அதிகாரி வந்து சேர்ந்த கட்டுக்குள்ளிருந்து என் சீட்டை உருவிக் காட்டினார். அச்சு அசலாக என் எழுத்து.

"ரத்து பண்ணலாம்மா. ஆனா யார் போட்டதுன்னு புகார்ல எழுதிக் கொடுக்கணும். போட்டவருக்கு வேலைகூடப் போகலாம்." குரலைத் தாழ்த்தினார். "வீட்டுக்குப் போய் யோசிச்சிட்டு வாங்களேன்."

யோசிக்க என்ன இருக்கிறது? இருக்கிறதே. எனக்கு நிமோனியா வந்தபோது பதினொரு நாள் படுக்கையருகிலேயே உட்கார்ந்திருந்தவர் இதே வாலஸ்தான். அதையும் இங்கே எழுதி வைக்கிறேன்.

ஜனவரி 30, செவ்வாய்

ஒரு மன்னிப்புக் கேட்டிருந்தால் போதும். வாய்விட்டே கேட்டேன்: "தப்புன்னு ஒரு வார்த்தை சொல்லுங்க. புகாரை விட்டுடறேன்."

ரொட்டியில் வெண்ணெய் தடவிக்கொண்டிருந்தார். "நம்ம நல்லதுக்குத்தானே செஞ்சேன்? எப்படியும் அவ தோக்கத்தான் போறா. ஒரு ஓட்டுக்கு இவ்வளவு ஆர்ப்பாட்டமா?"

ஓட்டை விடுங்கள். என்னையல்லவா எடுத்துப் போய்விட்டார்!

ஜனவரி 31, புதன்

எழுதிக் கொடுத்தேன். 'வாலஸ் லாரிமர், என் கணவர்.' பெயின் இருமுறை படித்தார். பழைய சீட்டில் குறுக்கே கோடு போட்டுத் தனியே வைத்தார், புதியதைக் கொடுத்தார். கூட வந்த மிஸ் கேர்ட் சாட்சி. வெளியே வந்ததும், "உன் முகத்தைப் பாத்தா பயமா இருக்கு எஃபி. வா, டீ குடிக்கலாம்" என்றாள். குடித்தேன். ருசி தெரியவில்லை.

பிப்ரவரி 8, வியாழன்

கில்கிறிஸ்ட் 9,214. ஐஸோபெல் 6,031. வாலஸ் சொன்னபடியேதான். அந்த ஆறாயிரத்து முப்பத்தொன்றில் ஒன்று நான்.

பிப்ரவரி 20, செவ்வாய்

வாலஸ்மேல் வழக்கு இல்லை, கண்டனக் கடிதத்தோடு விட்டுவிட்டார்கள். துறைத் தலைமை வேறொருவருக்கு. கடிதத்தை என் தட்டுக்குப் பக்கத்தில் வைத்தார்.

"திருப்தியா?"

"இல்லை."

உண்மையாகவே இல்லை. அவர் வருந்துவது போன பதவிக்காக. நான் செய்த துரோகத்தைப் பற்றி மணிக்கணக்காகப் பேசினார். தான் செய்ததைப் பற்றி இன்றுவரை மூச்சில்லை.

மார்ச் 12, திங்கள்

ரயிலில் போகும் தூரத்திலுள்ள பெர்த் நகர விதைப் பரிசோதனை நிலையத்துக்கு ஆள் வேண்டுமாம். ஐஸோபெல் எழுதியிருக்கிறாள். விண்ணப்பம் போட்டுவிட்டேன். யாரிடமும் கேட்கவில்லை.

மே 14, திங்கள், பெர்த்

இன்று முளைக்கிறதா என்று பார்க்க நானூறு புல்விதைகளை ஈரத்தாளில் பரப்பினேன். கழுத்து வலிக்கிறது. மேற்பார்வையாளர் சிடுமூஞ்சி, வேலையில் நேர்மையானவர்.

நான் வீட்டைவிட்டுக் கிளம்பி வந்த பிறகு வாலஸிடமிருந்து முதல் கடிதம். துணி அலமாரியின் சாவி எங்கே என்று கேட்டிருக்கிறார். வேறொன்றும் இல்லை.

சமையலறையில், இரண்டாவது இழுப்பறை என்று பதில் எழுதி, மதியமே தபாலில் சேர்த்தேன்.