அரண்மனைக்குப் பூக் கேட்டோம்

ஜனவரி 18, ஞாயிறு

இன்று அரண்மனை பார்த்துவிட்டு வந்தோம். ஊர் நடுவில் இருக்கிற பெரிய அரண்மனை இல்லை, அதை நமக்கு யார் தருவார்கள்? இது நஞ்சன்கூடு ரோட்டில் இருக்கிறது. எந்த ராஜாவோ வேட்டைக்கு வந்தால் தங்குவாராம், இப்போது ஹோட்டல். இருந்தாலும் நாலு கோபுரம் இருக்கு, இருபத்திரண்டு படி இருக்கு. ஏறி எண்ணினேன். மூச்சு வாங்கியது. பரவாயில்லை.

சுற்றிக் காட்டிய பெண் சௌம்யா. "ரூம் மத்தியானம் ரெண்டு மணிக்குத்தான் தருவோம் மேடம்" என்றாள். முகூர்த்தம் விடிகாலை நாலரைக்கு என்றேன். அதை நோட்டில் எழுதிக்கொண்டாள். அப்புறம் எத்தனை பேர் வருவார்கள் என்று கேட்டாள். நான் அறுநூறு என்றேன், அதே நேரத்தில் ஜீவிதா ஐம்பது என்றாள். கல்யாணப்பெண் அவள்தான். அதற்காக? கல்யாணம் பண்ணி வைப்பது நான்!

காரில் சண்டை. "டெஸ்டினேஷன் வெட்டிங்னா வெளியூர் போய்ப் பண்றதும்மா. மைசூர்ல இருந்துக்கிட்டு மைசூர்லயே யாராவது பண்ணுவாங்களா?"

"நமக்கில்லடி. எங்க ஊர் கௌதள்ளிக்காரங்களுக்கு டெஸ்டினேஷன்."

இவர் ரோட்டை விட்டுக் கண்ணை எடுக்கவே இல்லை. வீட்டுக்காரர் இவ்வளவு கவனமாக வண்டி ஓட்டினால், யார் பக்கமும் பேசாமல் தப்பிக்கிறார் என்று அர்த்தம்.

ஜனவரி 20

மாப்பிள்ளைப் பையன் ஹேமந்த் போன் பண்ணினான். "எனக்கு எதுன்னாலும் ஓகே ஆன்ட்டி." தங்கமான பிள்ளை. பிரயோஜனம் இல்லை.

ஜனவரி 25, ஞாயிறு

"உனக்கு என்னம்மா அப்படி ஒரு அரண்மனைப் பைத்தியம்?" என்று ஜீவிதா நேராகவே கேட்டுவிட்டாள். அவளிடம் சொல்லவில்லை. இங்கே சொல்கிறேன்.

என் அண்ணன் தொட்டையன் வரணும். அவ்வளவுதான்.

வேற ஜாதிக்காரரைக் கட்டிக்கொண்டு கௌதள்ளியை விட்டு வந்து இருபத்தேழு வருஷம். அன்றிலிருந்து அண்ணன் ஒரு வார்த்தை பேசினதில்லை. ரிஜிஸ்டர் ஆபீஸில் எனக்குக் கல்யாணம், என் பக்கம் ஒரு ஈ காக்கா கிடையாது. சரி, எனக்கு இல்லாவிட்டால் போகுது. என் மகளுக்குத் தாய்மாமன் இல்லாமலா? மாலை போட்டு, கையைப் பிடித்து மணமேடைக்குக் கூட்டி வர வேண்டியவன் அவன். அந்த இடத்தில் யாரைக் கொண்டுபோய் நிறுத்துவேன்? சத்திரத்தில் கல்யாணம் என்றால் திரும்பிக்கூடப் பார்க்க மாட்டான். அரண்மனை என்றால் வேடிக்கை பார்க்கவாவது வருவான். வந்து நின்னுட்டான்னா போதும், மீதியை நான் பாத்துக்கறேன்.

பிப்ரவரி 1, ஞாயிறு

மூன்று நாளாக நானும் ஜீவிதாவும் பேசிக்கொள்ளவில்லை. உப்பு வேண்டும் என்றால்கூட அவங்கப்பாவிடம் சொல்லி என்னிடம் கேட்கிறாள்.

இவருக்குப் பொறுக்கவில்லை. "மாரியம்மன்கிட்டப் பூக் கேட்டுடலாம். வெள்ளை வந்தா அரண்மனை, சிவப்பு வந்தா சத்திரம். அதுக்கப்புறம் ரெண்டு பேரும் வாயத் தொறக்கக் கூடாது."

எங்கள் பக்கம் பெரிய முடிவு எதுவானாலும் இப்படித்தான். வெள்ளைப் பூ ஒன்று, சிவப்புப் பூ ஒன்று, தனித்தனிப் பொட்டலமாக மடித்துச் சாமி முன்னால் போட்டு, பூசாரியை ஒன்று எடுக்கச் சொல்வோம். வெள்ளை வந்தால் சாமி சரி என்கிறது. சிவப்பு என்றால் வேண்டாம் என்கிறது. "ஃபிஃப்டி ஃபிஃப்டி, சரி" என்று ஜீவிதாவும் ஒத்துக்கொண்டாள்.

பொட்டலம் மடிக்கிற வேலையை நானே கேட்டு வாங்கிக்கொண்டேன்.

பிப்ரவரி 6, வெள்ளி, காலை

ரெண்டிலும் நந்தியாவட்டை. ரெண்டும் வெள்ளை. ஆத்தா, கோவிச்சுக்காதே, உனக்கும் ஒரு வேலை மிச்சம்.

அதே நாள், மத்தியானம்

சிவப்பு!

ஐயோ, எப்படி? நான்தான் சிவப்பே வைக்கலையே! பூசாரி பொட்டலத்தைப் பிரித்தார், அரளி, ரத்தமாட்டம் சிவப்பு. "சிவப்பு எப்படி வந்துச்சு?" என்று வாய் வரை வந்துவிட்டது. கேட்டால் என் திருட்டு வெளியே வரும். முழுங்கிக்கொண்டு கன்னத்தில் போட்டுக்கொண்டேன். பக்தி என்று நினைத்து ஜீவிதா என் தோளைத் தட்டிக் கொடுத்தாள்.

பிப்ரவரி 7

சாப்பிடப் பிடிக்கவில்லை. ஒன்பது வாரம் எலுமிச்சை விளக்கு போடுகிறேன் என்று வேண்டிக்கொண்டேன். ஒன்பது போதுமா? பதினொன்று.

பிப்ரவரி 9, திங்கள்

துணி ஊறவைக்கும்போது, வெள்ளிக்கிழமை இவர் போட்டிருந்த பேண்ட் பையில் ரெண்டு பொட்டலம். என் மடிப்பு எனக்குத் தெரியாதா? ரெண்டிலும் நந்தியாவட்டை, வாடிப்போய்.

ஹெப்பாள் ஃபேக்டரியில் வேலை முடிந்து இவர் வந்து செருப்பைக் கழற்றுவதற்குள் முன்னால் நீட்டினேன்.

"நீ ரெண்டும் வெள்ளையாத்தான் வெப்பேன்னு தெரியும். அதான் நான் ரெண்டு சிவப்பு மடிச்சு எடுத்துட்டு வந்து, கோயில்ல மாத்தி வெச்சேன்."

"சாமியையே ஏமாத்துவீங்களா?" என்று தெருவுக்கே கேட்கிற மாதிரிக் கத்தினேன். அதற்கப்புறம்தான் யார் கத்துவது என்று உறைத்தது. ரெண்டு பேருக்கும் சிரிப்பு வந்துவிட்டது.

ஆனால் ஏன்? போன மாசம் ஓவர்டைம் என்று சொல்லிவிட்டு இவர் போனது கௌதள்ளிக்காம். வெற்றிலைத் தட்டோடு. "எல்லாம் சொன்னேன் சுலோசனா. தேதி, அரண்மனை, நீ நல்லா இருக்கறது, எல்லாம். உங்கண்ணன் ஒரு வார்த்தை பேசல. எந்திரிச்சுத் தோட்டத்துக்குப் போயிட்டாரு. தட்டை உங்க அண்ணிதான் ஓரமா எடுத்து வெச்சாங்க."

இவர் செருப்பைக் கழற்றி மூலையில் வைத்தார். அப்புறம் சொன்னார், "அத்தனை படிக்கும் கீழ, பன்னீர்ச் செம்பை வெச்சுக்கிட்டு நீ ரோட்டையே பாத்துக்கிட்டு நிப்பே. அதை நான் பாக்கணுமா?"

துணி ஊறினபடியே கிடந்தது. அழுதேன். நல்லா அழுதேன்.

பிப்ரவரி 15, ஞாயிறு

பக்கத்துச் சத்திரம் பேசியாச்சு. இருநூறு பேர். ஐம்பதிலிருந்து ஜீவிதா இறங்கி, இல்லை, ஏறி வந்திருக்கிறாள். தாய்மாமன் இடத்தில் எதிர்வீட்டு ஆறுமுகசாமி நிற்கிறேன் என்றார். நல்ல மனுஷர். அவர் நிற்கும்போது நான் எந்தப் பக்கம் பார்ப்பேன் என்றுதான் தெரியவில்லை.

மார்ச் 22

பத்திரிகை வந்துவிட்டது. கௌதள்ளிக்கு ஒன்று எழுதி வைத்தேன். தபாலில் போடவில்லை. எழுந்து போகிற மனுஷனுக்கு எதற்கு?

ஏப்ரல் 12, ஞாயிறு

வாட்ஸாப்பில் தெரியாத நம்பர். "அத்தை, நான் தமிழ்ப்ரியா. தொட்டையன் பொண்ணு. அப்பா பஸ் ஸ்டாண்டுல கட்டினது பாருங்க." கூடவே ஒரு போட்டோ.

ஃப்ளெக்ஸ். ரெண்டு கம்பத்துக்கு நடுவில், பஸ் நீளத்துக்கு. ஒரு பக்கம் விளக்கு போட்ட மைசூர் அரண்மனை, அந்தப் பெரியதே! இன்னொரு பக்கம் ரெட்டைச் சடையில் நான். பத்தாவது ஹால் டிக்கெட்டில் ஒட்டின போட்டோ. "எங்கள் அன்புத் தங்கை சுலோசனா மகள் ஜீவிதா திருமணம். மைசூர் அரண்மனையில். ஊரார் அனைவரும் வருக. அழைப்பது: தாய்மாமன் தொட்டையன்."

ஜீவிதா பெரிதாக்கிப் பெரிதாக்கிக் காட்டினாள். எனக்கு எழுத்து தெரியவில்லை, கண் நிறைந்துவிட்டது. ஐயோ, அரண்மனை இல்லையே! கல்யாணத்துக்கு ரெண்டு வாரம்தான் இருக்கு. ஊரையே கூப்பிட்டுவிட்டானே! சத்திரம் என்று தெரிந்தால் மறுபடி எழுந்து போய்விடுவானா?

ஏப்ரல் 13, திங்கள்

காலையில் நானே போன் பண்ணினேன். தமிழ்ப்ரியா அவனிடம் கொடுத்தாள். மூச்சு மட்டும் கேட்டது.

"அண்ணா, அரண்மனை இல்லண்ணா. சாதாரணச் சத்திரம்தான்."

போனை இவர் பக்கம் நீட்டப் போனேன்.

"ரெண்டு பஸ் சொல்லிட்டேன் புள்ள. எங்க கொண்டாந்து நிறுத்தறது, அத மட்டும் சொல்லு."

வழி சொல்ல ஆரம்பித்தேன். ரெண்டு தெரு தாண்டுவதற்குள் எந்தப் பக்கம் திரும்பணும் என்றே மறந்துவிட்டது. இவர் போனை வாங்கி, பெட்ரோல் பங்க்கில் திரும்பி, தண்ணி டேங்க் பக்கத்தில் என்று நிதானமாக முடித்தார்.

அந்தப் பக்கத்திலிருந்து "சரிங்க மாப்ள" என்று கேட்டது.