தோப்பு மூலையில் ஓர் ஈ

ஆவணி, ஞாயிறு இரவு. சுரக்குடி.

மாமனாரின் கருமாதி முடிந்த மறுநாள்தான் அத்தை அந்த ஈயைப் பார்த்தார். மாமா கட்டில் போட்டுப் படுக்கும் தோப்பு மூலையில், மூங்கில் இடுக்கு வழியே வெயில் விழும் இடத்தில், அது அந்தரத்தில் அசையாமல் நிற்கிறது. விரட்டினால் போய்விட்டு அதே இடத்துக்கு வருகிறது.

"ஒங்க மாமாதாம்மா. எடத்த விட மாட்டேங்குறாங்க பாரு" என்றார் அத்தை.

கல்லூரியில் விலங்கியல் நடத்துகிற எனக்குப் பொறுக்கவில்லை. நேற்று மத்தியானம் அத்தை தூங்கும்போது அதைப் பிடித்து லென்ஸில் பார்த்தேன். குளவி போல மஞ்சள் பட்டை, ஆனால் இறக்கை நான்கல்ல, இரண்டே. கண்கள் இரண்டும் தலை உச்சியில் ஒன்றையொன்று ஒட்டியிருந்தன. ஹோவர்ஃப்ளை என்கிற அந்தரத்தில் நிற்கும் ஈ; கண் ஒட்டியிருப்பதால் ஆண். பெண் ஈ வரும் வழியில் இடம் பிடித்துக் காத்து நிற்பது அதன் வழக்கம். அத்தைக்குக் காட்டி விளக்கலாம் என்று ஊசியில் குத்தித் தீப்பெட்டியில் வைத்தேன்.

இன்று காலை பெட்டியோடு போனால், அதே வெயிலில் அதே உயரத்தில் ஓர் ஈ. எதிரே அத்தை, சிரித்த முகமாக.

"நேத்து சாயங்காலம் காணும்னு தவிச்சுப் போயிட்டேன். வந்துட்டாங்க."

இடம் காலியானால் வேறொரு ஆண் வந்து பிடித்துக்கொள்ளும். நானே வகுப்பில் சொல்லியிருக்கிறேன். பிறகு ஏன் பெட்டியை முந்தானையில் மறைத்தேன்?

சற்றுமுன் குப்பையில் போட்டுவிடலாம் என்று எழுந்தேன். மாமா படத்துக்குப் பின்னால் வைத்துவிட்டு வந்திருக்கிறேன்.