அடித்துவிட்ட அடைப்பு

மார்ச் 2, 1987
காகிதம் உலர்த்தும் பெரிய உருளையை வெள்ளிக்கிழமை வேகப்படுத்தப்போகிறார்களாம். இப்போது நிமிடத்துக்கு இரண்டாயிரத்து ஐந்நூறு அடி. இனி மூவாயிரம். என் பழைய கணக்குத் தாளைத் தேடச் சொன்னார் மேலாளர் ராய்ஸ். ஆற்றில் பனி இன்னும் உடையவில்லை.

மார்ச் 3
தாள் கிடைத்தது. மூன்று வருடத்துக்கு முந்தைய என் கையெழுத்து. உருளை எந்த வேகத்தில் கட்டுக்கடங்காமல் அதிரும் என்ற கணக்கு. v என்பது வேகம், ஆயிரம் அடியில்.

v⁵ − 9v³ = 4v³ − 36v

இடப்பக்கம் v³ பொது, வலப்பக்கம் 4v பொது.

v³(v² − 9) = 4v(v² − 9)

இரு பக்கமும் ஒரே அடைப்பு. அடித்துவிட்டிருக்கிறேன். மிஞ்சியது v³ = 4v; ஓடும் உருளைக்கு v² = 4. "இரண்டாயிரத்தில் மட்டும் ஆபத்து, சட்டென்று கடக்கவும்" என்று எழுதிக் கையெழுத்தும் போட்டிருக்கிறேன்.

அடித்த அடைப்பு பூஜ்யமானால்? v = 3. மூவாயிரம்.

நானா இதைச் செஞ்சேன்?

மார்ச் 4
யாரிடமும் சொல்லவில்லை.

மார்ச் 5
சொல்லிவிட்டேன். ராய்ஸ் தாளைத் திருப்பிக்கூடப் பார்க்கவில்லை.
"மூணு வருஷமா ஓடுது. இப்ப வந்து தப்புங்கிறே?"
"மூவாயிரத்துல ஒரு நாளும் ஓடலையே."
"சோதனையை நிறுத்த முடியாது. வேணும்னா ஆளுங்களை வெளியே நிறுத்திக்கோ."

மார்ச் 6
எல்லோரையும் வாசல் பக்கம் அனுப்பினேன். உருளையை ஓட்டும் கிளெம்தான் முணுமுணுத்தார். "ஏம்மா ஒடெட், ஒரு அடைப்புக்குறிக்காக எங்களைக் குளிர்ல விறைக்க விடுறியே." மற்றவர்கள் சிரித்தார்கள்.

ராய்ஸ் கண்ணாடி அறையிலிருந்து வேகத்தைக் கூட்டினார். இரண்டாயிரத்து எண்ணூறில் தரை முனகியது. தொள்ளாயிரத்தில் சிரிப்பு நின்றது. நிறுத்தச் சொல்லி நான் கத்தியது எனக்கே கேட்கவில்லை. நிறுத்தினார் — நிற்பதற்குள் உருளை பிடியிலிருந்து கழன்று ஆற்றுப்பக்கச் சுவரை உடைத்துக்கொண்டு போயிற்று.

யாருக்கும் அடியில்லை. கிளெம் வழக்கமாக நிற்கும் இடத்தில் தளமே இல்லை.

மார்ச் 9
கிளெம் என் அறைக்கு வந்தார். உட்காரவில்லை.
"உன் கணக்கை நம்பி இங்க இன்னும் எத்தனை உருளை ஓடுது?"
"நாற்பத்தொண்ணு."
தலையாட்டினார். சங்கு ஊதியது, வேலைக்குக் கிளம்பினார். இன்று முதல் அவருக்கு இரண்டாம் உருளையாம்.

அதன் தாளைத்தான் முதலில் எடுத்தேன்.