திரும்பி வந்த சீர் அலமாரி

டோக்கியோ, ஃபுகாகவா
ஷோவா 6 (1931), அக்டோபர் 9

அன்புள்ள மித்சுயோ,

உன் அம்மாவுக்குக் கால் எலும்பு கூடிவருகிறதா? அருகிலிருந்து பார்த்துக்கொள், அவசரப்பட்டுக் கிளம்பாதே. கம்பெனியில் எல்லாம் வழக்கம்போல்தான்.

நீ கல்யாணத்துக்குக் கொண்டுவந்த அலமாரியை உன் அப்பா வீட்டுக்கு ரயிலில் அனுப்பியிருக்கிறேன். இங்கே அறையில் ஈரம். மரம் கெட்டுவிடும்.

உன்,
தெய்ஜிரோ

நாகவோகா
அக்டோபர் 15

அன்பிற்குரிய கணவருக்கு மித்சுயோ எழுதுவது.

அலமாரி வந்தது. தெருவே கூடி வேடிக்கை பார்த்தது. சீர் அலமாரி பிறந்த வீட்டுக்குத் திரும்பினால், பெண்ணை விலக்கிவிட்டார்கள் என்று இந்த ஊரில் அர்த்தம். டோக்கியோவில் பிறந்த உங்களுக்கு இதை யார் சொல்லியிருப்பார்கள்?

எதிர்வீட்டு அக்கா, "அலமாரி வந்துருச்சு, இனி மாப்பிள்ளை எதுக்கு வரப்போறார்?" என்று சிரிக்கிறாள். அப்பா, "அவன் ஒரு வரி எழுதட்டும். இல்லேன்னா விலக்குப் பத்திரத்தோட ஆள் அனுப்பறேன்" என்கிறார்.

அந்த அறையில் ஐந்து வருடம் இருந்திருக்கிறேன். எப்போது ஈரம் வந்தது? எதுவானாலும் எனக்கு எழுதுங்கள்.

மித்சுயோ

டோக்கியோ, ஹோஞ்ஜோ, கூலிக்காரர் சத்திரம்
அக்டோபர் 27

மித்சுயோ,

கம்பெனியை ஜூலையிலேயே மூடிவிட்டார்கள். வாடகை பாக்கிக்கு வீட்டுக்காரர் சாமான்களை எடுக்க வந்தார். உன் அலமாரியாவது தப்பட்டும் என்று அனுப்பினேன். பிறகு அறையும் போய்விட்டது; உன் கடிதத்தை வீட்டுக்காரர்தான் இங்கே அனுப்பிவைத்தார். உங்கள் ஊர் வழக்கம் எனக்குத் தெரியாது.

நேற்று உன் அப்பாவின் ஆள் வந்தார். "ஏம்ப்பா, அங்க அவ மூணு வேளை சாப்பிடறா. இங்க கூட்டிவந்து என்ன போடுவே?" என்றார். அவர் கொண்டுவந்த விலக்குப் பத்திரத்தில் என் முத்திரையை வைத்துக் கொடுத்துவிட்டேன். ஊர் நினைத்தபடியே இருக்கட்டும்.

குளிர் வந்துவிட்டது. உடம்பைப் பார்த்துக்கொள்.

தெய்ஜிரோ

ஹோஞ்ஜோ
நவம்பர் 4

என்னங்க,

பத்திரத்தில் நானும் முத்திரை வைக்க வேண்டும். வைக்கவில்லை. "படி தாண்டினா இந்த வீடு உனக்கு இல்ல" என்றார் அப்பா. தாண்டி வந்துவிட்டேன்.

சத்திரத்துக்காரர், "அவரா? வடக்கே சுரங்கத்துக்கு ஆள் எடுத்தாங்க, போயிட்டாரு. எந்தச் சுரங்கம்னு யாரு கேட்டா?" என்கிறார். இந்தக் கடிதத்தை அவரிடமே கொடுத்துவைக்கிறேன். பக்கத்துச் சலவைக்கடையில் எனக்கு வேலை கிடைத்திருக்கிறது. மாடியில் படுத்துக்கொள்ளலாம். இருவருக்கு இடம் போதும்.

சத்திரத்துக்கு எதிரே நூடுல்ஸ் கடையில் உட்கார்ந்து எழுதுகிறேன். கிண்ணம் காலியாகி வெகுநேரம் ஆகிறது. கடைக்காரம்மா, "யாராச்சும் வரணுமாம்மா?" என்று கேட்டார்.

ஆமாம் என்றேன்.

உங்கள் மனைவி,
மித்சுயோ